1928, 1929-இன் பரிசோதனைக் குறும்படங்களை உங்கள் ஊரில் திரையிடுவது எப்படி?

எங்கள் திரைப்படக் குழு திருச்சியில், ஊமைப்படக் காலத்தின் கடைசி இரண்டு ஆண்டுகளைச் சேர்ந்த ஆறு பரிசோதனைக் குறும்படங்களை ஒரே மாலையில் திரையிட்டது. மொத்தம் 80 நிமிடம். அந்த 80 நிமிடத்துக்காக ஐந்து மாதம் அலைந்தோம். ஒருமுறை தேதி அறிவித்து, அழைப்பிதழும் அனுப்பிவிட்டு, பத்து நாள் இருக்கும்போது ரத்து செய்தோம். ஹாலை முதலில் பிடித்துவிட்டு, படத்தின் பிரதியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்ததுதான் காரணம்.

கதை உள்ள ஒரு படத்தை மோசமான பிரதியில் பார்த்தாலும் கதையாவது மிஞ்சும். இந்தப் படங்களில் கதை குறைவு, சிலவற்றில் கிடையவே கிடையாது. கால்வாயில் மழைத்துளி விழும் வேகம், கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே உள்ள சாம்பல் படிகள், ஒரு தொப்பி காற்றில் மிதக்கும் நேரம், இவைதான் இங்கே படம். இவை போனால் எதுவும் மிஞ்சாது. அதனால் கீழே உள்ள வரிசையைத் தயவுசெய்து மாற்றாதீர்கள். ஹால் ஏழாவது படியில்தான் வருகிறது.

1. பட்டியல் போடுங்கள், பெயர்களைச் சரிபாருங்கள்

நாங்கள் காட்டிய ஆறு படங்கள் இவை. யோரிஸ் ஈவன்ஸும் மன்னுஸ் ஃபிராங்கனும் ஆம்ஸ்டர்டாமில் எடுத்த 'மழை' (1929). ஹான்ஸ் ரிக்டர் ஜெர்மனியில் எடுத்த 'முற்பகல் பேய்கள்' (1928). ரால்ஃப் ஸ்டெய்னர் அமெரிக்காவில் தண்ணீரை மட்டுமே படம்பிடித்த 'எச்2ஓ' (1929). ராபர்ட் ஃப்ளோரியும் ஸ்லாவ்கோ வோர்க்காபிச்சும் அட்டைகளை வெட்டி நகரம் கட்டி எடுத்த '9413: ஒரு ஹாலிவுட் துணை நடிகனின் வாழ்வும் சாவும்' (1928). மேன் ரே பாரிஸில் எடுத்த 'நட்சத்திர மீன்' (1928). கடைசியாக, லூயிஸ் புனுவலும் சால்வடார் டாலியும் சேர்ந்து செய்த 'ஆண்டலூசிய நாய்' (1929).

முதல் தடவையிலேயே ஆறுக்கு மேல் போகாதீர்கள். 80 நிமிடத்தில் ஆறு வேறு உலகங்களைப் பார்ப்பதே கண்ணுக்குக் கடுமையான வேலை.

பெயர் விஷயத்தில் ஏமாறுவது எளிது. ஒவ்வொரு படத்துக்கும் குறைந்தது இரண்டு பெயர் உண்டு: எடுத்த நாட்டின் மொழியில் ஒன்று, ஆங்கிலத்தில் ஒன்று. ரிக்டரின் படத்தின் ஆங்கிலப் பெயர் 'காலை உணவுக்கு முந்தைய பேய்கள்' என்ற பொருளில் இருக்கும். ஆவணக் காப்பகத்துக்கு எழுதும்போது மூல மொழிப் பெயர், இயக்குநர், ஆண்டு மூன்றையும் சேர்த்தே எழுதுங்கள்.

எங்கள் பட்டியலில் முதலில் ஏழாவதாக ஒரு படம் இருந்தது: எட்கர் ஆலன் போவின் கதையை வைத்து ஜேம்ஸ் சிப்லி வாட்சனும் மெல்வில் வெப்பரும் நியூயார்க் மாநிலத்து ராச்செஸ்டரில் எடுத்த 'அஷர் மாளிகையின் வீழ்ச்சி'. பதின்மூன்று நிமிடப் படம். எங்கள் கைக்கு வந்து சேர்ந்ததோ ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம். அதே கதையை, அதே பெயரில், அதே 1928-இல் பிரான்சில் ஜான் எப்ஸ்டைனும் எடுத்திருக்கிறார். அதுவும் அருமையான படம்தான், ஆனால் நாங்கள் கேட்டது அதுவல்ல. பெயரும் ஆண்டும் ஒத்துப்போனால் போதாது, இயக்குநர் பெயரையும் நீளத்தையும் பாருங்கள்.

2. பிரதியைத் தேடுங்கள் (இதற்கு மட்டும் ஆறு வாரம் வையுங்கள்)

இணையத்தில் எல்லாமே கிடைக்கிறதே என்று தோன்றும். கிடைக்கிறது உண்மைதான். பழைய வீடியோ நாடாவிலிருந்து எடுத்து, அதைச் சுருக்கி, மறுபடி சுருக்கி ஏற்றியவைதான் பெரும்பாலும். கைப்பேசியில் நன்றாகத் தெரிவது பன்னிரண்டு அடித் திரையில் சேறாகிவிடும். 'எச்2ஓ' போன்ற படத்தில் தண்ணீரின் கோடுகள் கட்டம் கட்டமாக உடைந்து தெரியும். நாங்கள் ஒருமுறை திரையில் ஓட்டிப் பார்த்ததோடு அந்த எண்ணத்தை விட்டோம். தவிர, காணொளித் தளங்களின் நிபந்தனைகள் தனிப்பட்ட பார்வைக்கு மட்டுமே இடம் கொடுக்கின்றன. 'வீட்டில் பார்க்க மட்டும்' என்று அச்சிட்ட டிவிடிக்கும் இதே கதைதான்.

நல்ல பிரதிக்கு மூன்று வழிகள்.

முதல் வழி, கலாச்சார மையங்கள். சென்னையில் அலியான்ஸ் பிரான்சேஸும் கோத்தே இன்ஸ்டிட்யூட்டும் இருக்கின்றன. பிரெஞ்சு, ஜெர்மன் படங்களைக் கட்டணம் வாங்காமல் காட்டும் திரையிடல்களுக்கு இந்த அமைப்புகள் தங்கள் தொகுப்பிலிருந்து உதவுவதுண்டு. உங்களுக்கு வேண்டிய தலைப்பு தொகுப்பில் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள். மிகக் குறைந்த செலவில் முடியக்கூடிய வழி இதுதான்.

இரண்டாவது வழி, பரிசோதனைப் படங்களுக்கென்றே இருக்கும் விநியோகஸ்தர்கள். பாரிஸில் உள்ள லைட் கோன் அப்படிப்பட்ட அமைப்பு. ஒவ்வொரு படத்துக்கும், ஒவ்வொரு காட்சிக்கும் தனித்தனி வாடகை.

மூன்றாவது வழி, நேரடியாகக் காப்பகங்கள்: ஆம்ஸ்டர்டாமில் ஐ திரைப்பட அருங்காட்சியகம், நியூயார்க்கில் நவீனக் கலை அருங்காட்சியகம், லண்டனில் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட். இங்கே பதில் வர நேரமாகும். ஒரு காப்பகத்திலிருந்து எங்களுக்கு முதல் பதில் வர இருபத்தாறு நாள் ஆனது. முதல் மின்னஞ்சலில் நாங்கள் விவரமே எழுதவில்லை என்பதும் அதற்கு ஒரு காரணமாக இருக்கலாம். இரண்டாவது தடவை கீழே உள்ளவற்றை எல்லாம் எழுதினோம், நான்கே நாளில் பதில் வந்தது:

- படத்தின் மூலப் பெயர், இயக்குநர், ஆண்டு
- திரையிடும் தேதி, ஒரு காட்சியா இரண்டா
- ஊர், ஹாலின் இருக்கை எண்ணிக்கை
- நுழைவுக் கட்டணம் உண்டா
- எந்த வடிவில் வேண்டும்: டிசிபியா (திரையரங்குகளில் ஓட்டும் டிஜிட்டல் வடிவம்), சாதாரண வீடியோ ஃபைலா
- இசையோடு வேண்டுமா, ஒலியில்லாமல் வேண்டுமா
- பணம் அனுப்பப்போகும் அமைப்பின் பதிவுப் பெயர், முகவரி

ஃபிலிம் சுருளாகவே கேட்கலாமே என்று ஆசை வரும். எனக்கும் வந்தது. காப்பகங்கள் சுருளை அனுப்புவது, சரியான கருவியும் பயிற்சி பெற்ற ஆபரேட்டரும் உள்ள அரங்குகளுக்குத்தான். கூரியர், காப்பீடு, சுங்கம் எல்லாம் சேர்ந்தால் சின்னக் குழு தாங்காது. இறக்கிக்கொள்ளக்கூடிய ஃபைலாகக் கேளுங்கள். ஹார்ட் டிஸ்க்கில் அனுப்பினால்கூடச் சுங்கத்தில் மாட்டிக்கொள்ளும். எங்கள் குழுவுக்கு வந்த ஒரு பெட்டி பதினொரு நாள் அங்கேயே கிடந்தது, மேலே எழுதியிருந்த மதிப்புக்குத் தீர்வை கட்டித்தான் எடுத்தோம். நாங்கள் தேதியை ரத்து செய்தது அந்தப் பதினொரு நாளால்தான்.

3. உரிமை: இந்தியாவில் ஒன்று, வெளியே வேறு

இந்தியப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு திரைப்படத்துக்கான உரிமை அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள். 1929-இல் வந்த படத்துக்கு 1989 முடிவோடு தீர்ந்துவிட்டது. அப்படியானால் கேட்காமலே காட்டலாமா? அவசரப்படாதீர்கள், மூன்று இடங்களில் சிக்கல் இருக்கிறது.

ஒன்று, இசை. படத்தின் உரிமை முடிந்திருந்தாலும், பின்னால் யாரோ அமைத்து அதில் ஒட்டிய இசைக்கு உரிமை இருக்கும். ரிக்டரின் படத்துக்கு பால் ஹிண்டமித் இசை எழுதினார். நாஜிகளின் காலத்தில் ஒலியோடு கூடிய வடிவம் அழிக்கப்பட்டது. ஆகவே இன்று அந்தப் படத்தின் எந்தப் பிரதியில் இசை கேட்டாலும் அது பிற்காலத்தில் வேறொருவர் செய்தது.

இரண்டு, ஒப்பந்தம். காப்பகம் தன் புதுப்பித்த பிரதியைக் கொடுக்கும்போது நீங்கள் கையெழுத்துப் போடும் தாளில் 'ஒரே காட்சி', 'நகல் எடுக்கக் கூடாது', 'முடிந்ததும் அழிக்க வேண்டும்' என்றெல்லாம் இருக்கும். சட்டப்படி உரிமை முடிந்து படம் பொதுவில் இருந்தாலும் அந்தக் கையெழுத்து உங்களைக் கட்டும். முழுவதையும் படித்துவிட்டுக் கையெழுத்திடுங்கள்.

மூன்று, நீங்கள் இருக்கும் நாடு. ஐரோப்பாவில் இருக்கும் நம்மவர்கள் இதைக் கவனமாகப் படியுங்கள். அங்கே இயக்குநர், கதாசிரியர், இசையமைப்பாளர் போன்றவர்களில் கடைசியாக மறைந்தவர் இறந்து 70 ஆண்டு ஆக வேண்டும். மேன் ரே மறைந்தது 1976-இல். புனுவல் 1983. ஈவன்ஸும் டாலியும் 1989. கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள், இந்தப் படங்களுக்கு அங்கே இன்னும் உரிமையாளர்கள் இருக்கிறார்கள். அமெரிக்காவில் 95 ஆண்டுக் கணக்கு. 1928-ஆம் ஆண்டுப் படங்கள் 2024 தொடக்கத்திலும், 1929-ஆம் ஆண்டுப் படங்கள் 2025 தொடக்கத்திலும் பொதுவுக்கு வந்துவிட்டன.

4. தணிக்கையும் காகிதங்களும்

இந்தியாவில் பொதுமக்களுக்குக் காட்டும் எந்தப் படத்துக்கும் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். நூறு ஆண்டுப் பழைய படம், பத்து நிமிடப் படம் என்பதற்கெல்லாம் தனிச் சலுகை இல்லை. இதைத் தெரியாமல் 'அனைவரும் வருக' என்று சுவரொட்டி அடிப்பவர்கள் நிறைய. நாங்களும் முதலில் அப்படித்தான் அடிக்கவிருந்தோம்.

சின்னக் குழுவுக்கு நடைமுறையில் சரிப்படுவது ஃபிலிம் சொசைட்டி வழி. சத்யஜித் ராயை முதல் தலைவராகக் கொண்டு 1959-இல் தொடங்கிய இந்திய ஃபிலிம் சொசைட்டிகளின் கூட்டமைப்பில் சேர்ந்த சங்கங்கள், தங்கள் உறுப்பினர்களுக்கு மட்டும் காட்டும் படங்களுக்கு விலக்குப் பெற வழி இருக்கிறது. கூட்டமைப்பின் மண்டல அலுவலகத்துக்கு எழுதி, இப்போதைய நிபந்தனைகளைக் கடிதமாகவே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். வாய்ச்சொல் போதாது.

அதற்கு முன்னால் உங்கள் குழு பதிவான சங்கமாக இருக்க வேண்டும். தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம் 1975-இன் கீழ் குறைந்தது ஏழு பேர் வேண்டும். துணைவிதிகள், உறுப்பினர்களின் அடையாள, முகவரிச் சான்றுகள், அலுவலக முகவரிக்கு வீட்டு உரிமையாளரின் சம்மதக் கடிதம் இவற்றைத் தயாராக வைத்துக்கொண்டு பதிவாளர் அலுவலகத்துக்குப் போனால் ஒரே நடையில் முடியும். நாங்கள் மூன்று நடை நடந்தோம், மூன்றும் அந்தச் சம்மதக் கடிதத்துக்காகவே.

பதிவு செய்ய நேரமில்லையா? ஊரில் ஏற்கெனவே இருக்கும் ஒரு ஃபிலிம் சொசைட்டியோடு சேர்ந்து நடத்துங்கள். திரைப்பட விழாவாகவே நடத்தப்போகிறவர்கள் ஒன்றிய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடம் விலக்குக் கேட்க வேண்டும். படப் பட்டியல், ஒவ்வொன்றின் சுருக்கம், தேதி, இடம் எல்லாம் கேட்பார்கள். குறைந்தது ஒன்றரை மாதம் முன்பே அனுப்பிவிடுங்கள்.

சுருக்கம் எழுதுவது இந்தப் படங்களுக்குப் பெரும்பாடு. ஜெர்மேன் துலாக் எடுத்த 'கிளிஞ்சலும் பாதிரியாரும்' படத்தைப் பார்த்த பிரிட்டிஷ் தணிக்கையாளர்கள், படம் கிட்டத்தட்ட அர்த்தமே இல்லாத புதிராக இருக்கிறது, அர்த்தம் ஏதாவது இருந்தால் அது ஆட்சேபத்துக்குரியதாகத்தான் இருக்கும் என்று சொல்லித் தடுத்தார்கள். ஆகவே சுருக்கத்தில் விளக்கம் சொல்லாதீர்கள். திரையில் என்ன தெரிகிறதோ அதை மட்டும் எழுதுங்கள். 'ஆம்ஸ்டர்டாமில் மழை தொடங்கி, பெய்து, ஓய்வதைக் காட்டும் படம்.' அவ்வளவு போதும்.

5. வேகம்: மாலையைக் காப்பாற்றுவதும் கெடுப்பதும் இதுதான்

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

ஒலிப்படம் வந்த பிறகு வேகம் நொடிக்கு 24 பிரேம் (ஃபிலிமில் உள்ள தனித்தனிப் படங்கள்) என்று நிலைத்தது. அதற்கு முன் அப்படி ஒரே கணக்கு இல்லை. 16, 18, 20, 22 என்று படத்துக்குப் படம் மாறும். 18-இல் எடுத்ததை 24-இல் ஓட்டினால் மனிதர்கள் பொம்மை போலத் துள்ளி நடப்பார்கள். ஊமைப்படம் என்றாலே அப்படித்தான் ஓடும் என்று நம்மில் பலர் நினைத்துக்கொண்டிருக்கிறோம். பிரதி எடுத்தவர்கள் வேகத்தைக் கவனிக்காமல் விட்டதன் விளைவு அது.

எவ்வளவு வித்தியாசம் வரும் என்று பாருங்கள். 35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம். ஆயிரம் அடிச் சுருள் 16 பிரேம் வேகத்தில் 16 நிமிடம் 40 நொடி ஓடும். 20-இல் 13 நிமிடம் 20 நொடி. 24-இல் 11 நிமிடத்துக்குச் சற்று மேல். அதே படம், ஐந்தரை நிமிட வித்தியாசம். 'ஆண்டலூசிய நாய்' சில இடங்களில் 16 நிமிடம் என்றும் சில இடங்களில் 21 நிமிடம் என்றும் இருப்பது இதனால்தான். எதையும் வெட்டிவிட்டார்களோ என்று நாங்கள் ஒரு வாரம் தேடினோம்.

உங்கள் ஃபைலைச் சோதிக்கும் முறை:

முதலில் வி.எல்.சி. பிளேயரில் திறந்து, ஆள் நடக்கும் இடத்துக்குப் போங்கள். 'மழை'யில் குடை பிடித்துப் போகிறவர்கள் இருக்கிறார்கள். நடை இயல்பாக இருந்தால் கை வைக்காதீர்கள். துள்ளினால், பிளேயரின் வேகத்தை 0.75-க்குக் குறைத்துப் பாருங்கள். 24-இல் ஓடும் ஃபைல் 18 ஆகிவிடும். 0.83 வைத்தால் ஏறத்தாழ 20. எந்த வேகத்தில் கால் தரையில் சரியாகப் பதிகிறதோ அதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது, யாராவது ஏற்கெனவே மெதுவாக்கிய ஃபைலா என்று பாருங்கள். படத்தை நிறுத்திவிட்டு 'ஈ' விசையை அழுத்தினால் வி.எல்.சி. ஒவ்வொரு பிரேமாக நகரும். நான்கில் ஒன்று முந்தையதைப் போலவே அசையாமல் இருந்தால், 18-ஐ 24-ஆக மாற்ற ஒரு பிரேமைத் திரும்பப் போட்டிருக்கிறார்கள் என்று பொருள். அதை மறுபடி மெதுவாக்கினால் படம் இழுபடும்.

மெதுவாக்க வேண்டியிருந்தால் டாவின்சி ரிசால்வ் போன்ற இலவச மென்பொருளில் செய்து புதிய ஃபைலாக எடுத்துக்கொள்ளுங்கள். அந்த அமைப்பில் 'பிரேம்களைக் கலக்கு' என்பது போன்ற எதையும் தேர்ந்தெடுக்காதீர்கள். அருகில் உள்ள பிரேமைத் திரும்பக் காட்டும் முறையை வையுங்கள். கலந்தால் ஒவ்வொரு அசைவுக்கும் பின்னால் நிழல் ஒட்டிக்கொள்ளும். ரிக்டரின் பறக்கும் தொப்பிகளை அப்படிப் பார்க்கவே சகிக்கவில்லை. காப்பகம் கொடுத்த ஃபைலாக இருந்தால், மாற்றலாமா என்று கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

ஊமைப்படம்தானே என்று எல்லாவற்றையும் மெதுவாக்கிவிடவும் கூடாது. 1928, 1929 வாக்கில் பல கேமராக்கள் 24-ஐ நெருங்கிவிட்டன. 'எச்2ஓ'வில் ஆளே இல்லை, தண்ணீர் மட்டும்தான். அதற்கு நாங்கள் மூன்று வேகங்களில் ஓட்டிப் பார்த்து, கடைசியில் வந்தபடியே விட்டோம். தண்ணீரின் கனம் அந்த வேகத்தில்தான் சரியாகத் தெரிந்தது.

6. எழுத்து அட்டைகளுக்குத் தமிழ்

ஊமைப்படங்களில் காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்துதான் எழுத்து அட்டை. இந்தப் படங்களில் எழுத்து குறைவு, அதனால் இது இரண்டு மாலை வேலைதான். ஆனால் இருக்கிற கொஞ்சமும் வம்பு பிடித்தது. புனுவல் படத்தில் காலம் சொல்லும் அட்டைகள் வரும்: 'முன்னொரு காலத்தில்', 'எட்டு ஆண்டுகளுக்குப் பிறகு', 'அதிகாலை மூன்று மணியளவில்', 'பதினாறு ஆண்டுகளுக்கு முன்'. அந்த அட்டைக்கும் அடுத்து வரும் காட்சிக்கும் ஒட்டாது. ஒட்டவைக்கவும் கூடாது. எங்கள் நண்பர் ஒருவர் நல்லெண்ணத்தோடு 'அன்று இரவு' என்று திருத்தியிருந்தார், எடுத்துவிட்டோம்.

ரொபேர் தெஸ்னோஸின் கவிதையிலிருந்து பிறந்த 'நட்சத்திர மீன்' இன்னும் கடினம். பிரெஞ்சில் 'சி பெல்' என்றால் 'இவ்வளவு அழகு', 'சிபெல்' என்றால் ஒரு தாய்த்தெய்வத்தின் பெயர். இரண்டும் ஒரே ஓசை, அட்டையில் அடுத்தடுத்து வரும். தமிழில் அந்த விளையாட்டுக்கு ஈடு காண முடியவில்லை. ஓசையைத் தமிழ் எழுத்தில் அப்படியே கொடுத்து, நிகழ்ச்சித் தாளில் பொருளை எழுதினோம்.

சப்டைட்டிலைப் படத்தின் மேல் நிரந்தரமாகப் பதிக்காதீர்கள். தனி ஃபைலாக வையுங்கள். கடைசி நிமிடத்தில் ஒரு எழுத்துப் பிழை கண்ணில் படும்.

7. இப்போது ஹால்

நாற்பது, ஐம்பது பேர் உட்காரும் அறை போதும். குளிர்சாதனம் இருக்கிறதா என்று கேட்பதற்கு முன், பகலில் போய் விளக்கை அணைத்து, ஜன்னலை மூடி, உங்கள் உள்ளங்கை ரேகை தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால் கறுப்புத் துணி வேண்டும். இந்தப் படங்களின் அழகு இருட்டுப் பகுதிகளில்தான் இருக்கிறது, வெளிச்சம் கசிந்தால் முதலில் போவது அதுதான்.

புரொஜெக்டரில் இரண்டு விஷயம். படத்தின் சட்டம் 4:3 அளவு, கிட்டத்தட்ட சதுரம். கல்யாண மண்டபத்துப் புரொஜெக்டர்கள் எல்லாம் அகலத் திரைக்கு இழுத்துவிடும்படி வைத்திருக்கும். இரு பக்கமும் கறுப்பாக இருந்தால் இருக்கட்டும், இழுக்க விடாதீர்கள். அடுத்து, நிற அமைப்பை 'சினிமா' என்பதற்கு மாற்றுங்கள். 'டைனமிக்' என்று இருந்தால் சாம்பல் எல்லாம் வெள்ளையாகிவிடும்.

முதல் நாளே போய் ஆறு படத்தையும் முழுசாக ஓட்டிப் பாருங்கள். புரொஜெக்டரை இரண்டு நாள் வாடகைக்கு எடுங்கள், அந்தச் செலவைக் குறைக்காதீர்கள். ஆபரேட்டரிடம் ஒரு விஷயத்தை முன்கூட்டியே சொல்லுங்கள்: மேன் ரே தன் படத்தின் பெரும்பகுதியைச் சொரசொரப்பான கண்ணாடி வழியாக எடுத்தது போல மங்கலாக எடுத்திருக்கிறார். தெளிவில்லாமல் இருப்பதுதான் படம். எங்கள் ஆபரேட்டர் தன் வேலையில் அக்கறை உள்ளவர், ஒத்திகையில் மூன்று தடவை எழுந்துபோய் ஃபோகஸைத் திருகினார்.

8. இசை

மௌனமாக, நேரடி இசையோடு, பதிவான இசையோடு என்று மூன்று விதமாகவும் காட்டலாம். நாங்கள் மூன்றையும் கலந்தோம்.

'ஆண்டலூசிய நாய்' முதலில் பாரிஸில் திரையிடப்பட்டபோது புனுவல் திரைக்குப் பின்னால் நின்றுகொண்டு கிராமபோனில் வாக்னரையும் அர்ஜென்டினாவின் டாங்கோவையும் மாற்றி மாற்றிப் போட்டார். 1960-இல் அதே இசைகளை வைத்து ஒலித்தடம் சேர்த்தார்கள். அந்த ஒலியோடு வந்த 16 நிமிடப் பிரதியையே எடுத்தோம். இயக்குநரே தேர்ந்த இசை இருக்கும்போது வேறெதையும் வைக்க எனக்கு மனமில்லை. ஒலி ஒட்டியிருக்கும் பிரதியின் வேகத்தைத் தொடாதீர்கள், இசையும் குழைந்துவிடும்.

'மழை'க்கு ஹான்ஸ் ஐஸ்லர் 1941-இல் எழுதிய 'மழையை வருணிக்கும் பதினான்கு வழிகள்' புகழ்பெற்றது. அந்த இசையோடு வரும் பிரதி கிடைத்தால் அதையே கேளுங்கள். வெறும் இசைத்தட்டை எடுத்து உங்கள் ஃபைலோடு ஒட்டப் பார்த்தால் நீளம் ஒத்துவராது. பதிவின் உரிமை வேறு, பொது இடத்தில் ஒலிபரப்ப உரிமம் வேறு.

நாங்கள் 'மழை'க்கும் 'நட்சத்திர மீ'னுக்கும் ஒரு வயலின், ஒரு கஞ்சிரா வைத்து நேரடியாக வாசிக்கச் சொன்னோம். இசைக் கலைஞர்களிடம் நான் கேட்டுக்கொண்டது இரண்டுதான்: துளி விழும்போதெல்லாம் தட்ட வேண்டாம், இடையிடையே சும்மா இருக்கத் தயங்க வேண்டாம். ஒத்திகைக்கு வேகம் திருத்திய கடைசி ஃபைலையே கொடுங்கள். நான் அவசரத்தில் பழைய ஃபைலைக் கொடுத்துவிட்டேன். மூன்று நாள் ஒத்திகை பார்த்த பிறகுதான் தெரிந்தது, படம் இவர்கள் வாசிப்பைவிட மூன்று நிமிடம் நீளம். மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்கள்.

மற்ற மூன்றும் ஒலியே இல்லாமல். 'எச்2ஓ'வை மௌனத்தில் பார்ப்பதுதான் சரி என்பது என் கருத்து. மின்விசிறியை மட்டும் அணைத்துவிடுங்கள்.

9. பணம், நாட்காட்டி

எங்களுக்கு ஆன செலவு: ஹால் 4,000 ரூபாய். புரொஜெக்டர் இரண்டு நாளுக்கு 5,000. கறுப்புத் துணி 2,200. இசைக் கலைஞர்கள் இருவருக்கும் சேர்த்து 8,000. நிகழ்ச்சித் தாள் 900. இரண்டு படங்களுக்கு வெளிநாட்டு உரிமக் கட்டணம், வங்கிக் கட்டணத்தோடு 17,400. மொத்தம் 37,500. சுங்கத்தில் கட்டியது இதில் சேரவில்லை, நீங்கள் ஹார்ட் டிஸ்க் வரவழைக்கப்போவதில்லை என்று நம்புகிறேன்.

வெளிநாட்டுக்குப் பணம் அனுப்ப வங்கி கேட்பவை: காப்பகத்தின் பில், சங்கத்தின் பான் அட்டை, ஏ2 படிவம், எதற்காக அனுப்புகிறீர்கள் என்ற குறியீடு. வரி சம்பந்தமாகவும் ஒரு படிவம் கேட்கலாம், ஆடிட்டரிடம் முதலிலேயே பேசிவிடுங்கள். இடையில் உள்ள வங்கிகளின் கட்டணத்தையும் நீங்களே ஏற்பதாகக் குறிப்பிட மறக்காதீர்கள். நாங்கள் மறந்தோம். பதினெட்டு யூரோ குறைவாகப் போய்ச் சேர்ந்தது, அந்தப் பாக்கியை அனுப்ப மறுபடி அதே அளவு கட்டணம்.

பதிவான சங்கம் ஏற்கெனவே இருந்தால் பன்னிரண்டு வாரம் போதும். முதல் ஆறு வாரம் பிரதி, உரிமை. அதே நேரத்தில் விலக்குக் கடிதம். ஏழாம் வாரம் எல்லா ஃபைலும் கையில் இருக்க வேண்டும். இல்லாத படத்தை அன்றே பட்டியலிலிருந்து எடுத்துவிடுங்கள், காத்திருக்க வேண்டாம். எட்டாம் வாரம் வேகம், தமிழ் எழுத்து. ஒன்பதில் ஹாலுக்கு முன்பணம். பத்து, பதினொன்று ஒத்திகை. ஹால் உறுதியான பிறகே தேதியை வெளியே சொல்லுங்கள்.

10. அன்று மாலை

'மழை'யில் தொடங்குங்கள். வெளியே இருந்து வேர்த்து வந்தவர்கள் பத்து நிமிடத்தில் அமைதியாகிவிடுவார்கள். ரிக்டரை இரண்டாவதாக வைத்தால் சிரிப்பு வரும், அது நல்லது. அப்புறம் 'எச்2ஓ', '9413', 'நட்சத்திர மீன்'. 'ஆண்டலூசிய நாய்' கட்டாயம் கடைசியில். அதற்குப் பிறகு எந்தப் படத்தையும் யாராலும் பொறுமையாகப் பார்க்க முடியாது.

அந்தப் படம் தொடங்கிய சில நிமிடத்துக்குள் ஒரு கண்ணைச் சவரக் கத்தி அறுக்கும் காட்சி வருகிறது. அறுபடுவது கன்றுக்குட்டியின் கண்தான், ஆனால் பார்க்கும்போது அப்படித் தோன்றாது. அழைப்பிலேயே '18 வயதுக்கு மேற்பட்டோருக்கு மட்டும்' என்று போடுங்கள், படத்துக்கு முன் வாயாலும் சொல்லுங்கள். கல்லூரியில் திரையிடுகிறீர்கள் என்றால் முதல்வருக்கு இந்தக் காட்சியையும் 'நட்சத்திர மீ'னில் உள்ள ஆடையற்ற காட்சியையும் முன்பே போட்டுக் காட்டிவிடுங்கள்.

ஒவ்வொரு படத்துக்கும் நடுவே இரண்டு நிமிடம் விளக்கைப் போடுங்கள். முன்னுரை ஒரு நிமிடத்தைத் தாண்டக் கூடாது: யார் எடுத்தது, எங்கே, எத்தனை நிமிடம். '9413'-க்கு மட்டும் ஒரு வரி கூடுதலாகச் சொன்னேன், அந்தப் படத்துக்கு ஆன செலவு 97 டாலர் என்று ஃப்ளோரி கணக்குச் சொன்னதை. படம் முடிந்து விளக்கு போட்டதும் பின் வரிசையில் இருந்த இரண்டு பையன்கள் எழுந்துவந்து, அந்த அட்டை நகரத்துக்கு எங்கிருந்து வெளிச்சம் அடித்திருப்பார்கள், இன்னொரு தடவை ஓட்ட முடியுமா என்று கேட்டார்கள். '9413'-க்கு எங்களிடம் எந்த ஒப்பந்தமும் இல்லாததால், எல்லோரும் போன பிறகு அவர்களுக்காக மறுபடி ஓட்டினோம்.